கிணற்று ராஜாவின் இரண்டாவது குரல்

சில்வர் ஓக் மரத்தில் குழாய் ஸ்பீக்கர் இரண்டையும் கட்டிவிட்டு ஏணியிலிருந்து இறங்கினேன். மைக்கைக் கையில் எடுத்து, "ஹலோ, ஹலோ, ஒண்ணு, ரெண்டு" என்றேன்.

வலது காதில் ஒன்றுமே விழவில்லை.

இடது காதில் என் குரல் கேட்டது. தகர டப்பாவுக்குள் யாரோ பேசுவதுபோல, ஒல்லியாக, தூரமாக. வலது பக்கம் வெறும் சுவர். அந்தக் காதை உள்ளங்கையால் அழுத்தி எடுத்தேன். சுண்டுவிரலை விட்டு ஆட்டினேன். தலையைச் சாய்த்து ஒற்றைக் காலில் குதித்தேன். மரத்தடியில் நின்ற இரண்டு பெண்கள், மைக் சோதிப்பதில் இதுவும் ஒரு முறை என்று நினைத்தார்கள்போல. மரியாதையாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

கொல்லிமலையில், குண்டூர் நாடு என்கிற பகுதியில் ஒரு சின்ன ஊர் அது. தொண்ணூற்றேழோ தொண்ணூற்றெட்டோ, வருஷம் எனக்கு நினைவில்லை. மரத்தைச் சுற்றி மிளகுக் கொடி ஏறியிருந்தது நினைவிருக்கிறது. கை இரண்டிலும் அந்த வாசனை. அன்று சாயங்காலம் அங்கே எங்கள் நாடகம். பாட்டுக்கெல்லாம் மெட்டுப் போட்டவள் நான். ஆர்மோனியம் வாசிப்பவள் நான். மைக், குழாய், இடி, மழை, குதிரைக் குளம்பு, நாய் குரைப்பது எல்லாம் என் பொறுப்பு. இத்தனைக்கும் மூலதனம் இரண்டு காது. அதில் ஒன்று செத்துவிட்டது.

நோட்டீஸில் என் இடம்

இந்தத் தொடரைப் படிக்கிற ஒருவர், "அம்மா, நீங்கள் ஏன் எப்போதும் கோபமாகவே எழுதுகிறீர்கள்?" என்று கேட்டிருக்கிறார். சொல்கிறேன்.

என் அப்பாவுக்கு சேந்தமங்கலத்தில் மைக்செட் கடை. ஒரே பிள்ளை நான். பாவாடை கட்டிய வயதிலேயே எனக்கு ஆம்ப்ளிஃபயரைத் திறந்து மூடத் தெரியும். கடைக்கு வாடகை செட் எடுக்க வந்த நாடகக்காரர்களிடம் ஆர்மோனியம் கற்றுக்கொண்டேன். அப்பா போனபிறகு செட்டையும் தூக்கிக்கொண்டு ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தேன். சேலைக்கு மேல் ஆம்பளைச் சட்டை ஒன்றைப் போட்டுக்கொண்டு நானே ஏணி ஏறி ஹாரன் குழாய் கட்டுவேன். எங்கள் ஊர்ப் பக்கம் என்னை "மைக்செட்டு பாப்பாத்தி" என்பார்கள். பாப்பாத்தி என் பெயர். அதில் எனக்குக் கோபம் இல்லை.

கோபம் எதில் என்றால், நோட்டீஸில். குழுவின் முதலாளி பரமசிவம் அச்சடிக்கிற ஒவ்வொரு நோட்டீஸிலும் "இசை: குழுவினர்" என்று இருக்கும். கீழே, ஜெனரேட்டர்காரருக்கும் பந்தல்காரருக்கும் நடுவில், "ஒலிபெருக்கி உதவி: பாப்பாத்தி". உதவியாம். அந்தக் குழுவினரில் ஒருவருக்காவது சுதி சேர்க்கத் தெரியுமா? ஒரு தடவை கேட்டே விட்டேன்.

"ஏம்மா, பொம்பளை மெட்டுப் போட்டான்னு அடிச்சா, பாக்க வர்றவன் சந்தேகப்படுவான்ல?" என்றார் பரமசிவம்.

"கேக்க வர்றவன் சந்தேகப்பட மாட்டான்ங்க" என்றேன். அவருக்கு அது புரியவில்லை. அவருக்குப் புரிகிற மாதிரி பேச எனக்கு இன்றுவரை தெரியாது.

பல வருஷம் கழித்து சென்னையில் ஒரு நவீன நாடகக் குழு என்னைக் கூப்பிட்டு வேலை கொடுத்தது. அங்கே ஒரு பெண், "இவங்கதான் எங்க கம்போசர், சவுண்ட் டிசைனர்" என்று யாருக்கோ அறிமுகம் செய்தாள். நான் திரும்பி, பின்னால் யார் வருகிறார்கள் என்று பார்த்தேன். என்னைத்தான் சொன்னாள். இருபது வருஷமாக நான் செய்த வேலைக்கு ஒரு பெயர் இருக்கிறது என்பது அன்றுதான் தெரிந்தது.

அது பிறகு. இப்போது மலைக்கு வருவோம்.

ராஜாவும் தகர டிரம்மும்

அன்று நாங்கள் போடவிருந்த நாடகம் "கிணற்று ராஜா". கதை எளிமையானது. ஒரு திமிர் பிடித்த ராஜா வேட்டைக்குப் போய் பாழுங்கிணற்றில் விழுந்துவிடுகிறான். உள்ளே இருந்தபடியே "யாரங்கே!" என்று அதிகாரம் செய்கிறான். மேலே யாரும் இல்லை. நாடகத்தில் பாதி நேரம் அவன் கிணற்றுக்குள் இருந்துதான் பாட வேண்டும்.

கிணற்றுக்குள் இருந்து வருகிற குரல் எப்படி இருக்கும்? அதற்காக நான் படாத பாடு பட்டேன். குடத்துக்குள் பாட வைத்துப் பார்த்தேன். மண்பானை, சிமெண்ட் தொட்டி எல்லாம் பார்த்தேன். கடைசியில் ஒரு காலி எண்ணெய் டிரம். ராஜா வேஷம் போடுகிற கந்தசாமி அண்ணன் டிரம்முக்குள் தலையை விட்டுப் பாடுவார். அடியில் ஒரு மைக். சமவெளியில், கீழ்நாட்டு ஊர்களில் அது நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அண்ணனுக்குப் பெரிய உடம்பு. ஒவ்வொரு பாட்டு முடிந்ததும் முகம் சிவந்து, எண்ணெய் வாடையோடு வெளியே வந்து என்னைத் திட்டுவார்.

"பாப்பாத்தி, என்னைய ராஜான்னு சொல்லிட்டு டின்னுக்குள்ள போட்டு அடைக்கிற பாரு, இதுக்கு நீ அனுபவிப்ப."

பரமசிவத்துக்கும் அந்த டிரம் பிடிக்கவில்லை. சேலத்தில் கீபோர்டு வைத்திருக்கிற ஒரு ஆளைப் பார்த்துவிட்டு வந்திருந்தார். பொத்தானை அமுக்கினால் இடி, பொத்தானை அமுக்கினால் மழை. "மலை நாடகம் முடியட்டும், அந்த ஆளை ஒரு தடவை போட்டுப் பாப்போம். நீ குழாய் கட்டறதைப் பாத்துக்க" என்று பஸ் ஏறும் முன் என்னிடம் சொன்னார். அவர் அன்று எங்களோடு வரவில்லை. மறுநாள், நாடகத்தன்று சாயங்காலம் பஸ்ஸில் வருவதாகச் சொல்லிவிட்டார்.

ஆக, காதில் கோளாறு என்று தெரிந்தால் எனக்கு ஏணி மட்டும்தான் மிஞ்சும். செவிட்டு மெட்டுக்காரியை யார் வைத்துக்கொள்வார்கள்?

சேலத்து டாக்டர்

அதற்கு ஒரு வருஷம் முன்பு, காதில் அடிக்கடி இரைச்சல் என்று சேலத்தில் ஒரு டாக்டரிடம் போயிருந்தேன். அவர் என்னைப் பார்த்த பார்வையே எனக்குப் பிடிக்கவில்லை.

"ஸ்பீக்கருக்குப் பக்கத்திலேயே நிக்கிற வேலையா? விட்டுடுங்க" என்றார்.

"விட்டுட்டு?"

"வேற வேலை பாருங்க. இல்லாட்டி மெல்ல மெல்ல கேக்கறது குறையும். அப்புறம் இல்லாத சத்தமெல்லாம் கேக்க ஆரம்பிக்கும்."

வேறு வேலை பாருங்கள் என்று சொல்ல எவ்வளவு சுலபம்! நான் அவரிடம், நீங்கள் ஸ்டெதஸ்கோப்பை விட்டுவிட்டு வேறு வேலை பார்ப்பீர்களா என்று கேட்டுவிட்டு வந்தேன். ஆனால் பயந்துவிட்டேன். அன்றிலிருந்து நாடகத்துக்கு நாடகம், ஹாரன் கட்டி சோதிக்கும் நேரத்தில் காதில் பஞ்சு வைத்துக்கொள்வேன். சின்னதாக உருட்டி, நன்றாக உள்ளே தள்ளி. பாட்டு ஆரம்பித்ததும் எடுத்துவிடுவேன். பஞ்சோடு மெட்டு கேட்க முடியாது.

டாக்டர் சொன்ன அந்தக் கடைசி வாக்கியம் மட்டும் மனசில் ஒட்டிக்கொண்டது. இல்லாத சத்தம்.

அருவியில்

நாடகத்துக்கு முதல் நாள், மலை ஏறும்போது பஸ்ஸில் எல்லோருக்கும் காது அடைத்தது. வளைவுக்கு வளைவு ஒருத்தர் கொட்டாவி விடுவார், ஒருத்தர் எச்சில் விழுங்குவார். மேலே போய்ச் சேர்ந்ததும் எல்லோருக்கும் திறந்துகொண்டது. எனக்கு வலது காது பாதிதான் திறந்தது. பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

அன்று மத்தியானம் எல்லோரும் ஆகாச கங்கை அருவிக்குக் குளிக்கப் போனோம். இறங்கும்போது சிரித்துக்கொண்டு இறங்கினோம். தண்ணீர் தலையில் கல் விழுவதுபோல விழுந்தது. ராணி வேஷம் போடுகிற மரகதம் என் கையைப் பிடித்து உள்ளே இழுத்தாள். அருவிக்கு அடியில் நிற்கும்போது உலகத்தில் வேறு சத்தமே இல்லை. எனக்கு அது பிடித்திருந்தது. வெளியே வந்ததும் தெரிந்தது, இடது பக்கம் அருவி கொட்டுகிறது, வலது பக்கம் கொட்டவில்லை.

படி ஏறி மேலே வருவதற்குள் சரியாகிவிடும் என்று நினைத்தேன். படிகள் முடிந்தன. சரியாகவில்லை. காலையில் எழுந்தபோதும் சரியாகவில்லை.

அப்படித்தான் மறுநாள் காலை, அடைத்த காதுக்குப் பஞ்சு எதற்கு என்று அதுகூட வைக்காமல், அந்த மரத்தடியில் ஒற்றைக் காலில் குதித்துக்கொண்டிருந்தேன்.

கையை எடுத்த பிறகு

கேட்கவில்லை என்றால் மைக்செட்காரி என்ன செய்வாள்? சத்தத்தைக் கூட்டுவாள். ஆம்ப்ளிஃபயர் குமிழை ஏற்றினேன். இன்னும் ஏற்றினேன். ஆர்மோனியத்துக்கு முன்னால் மைக்கை வைத்து, ராஜாவின் பாட்டில் முதல் வரியை வாசித்தேன்.

கட்டையிலிருந்து கையை எடுத்த பிறகும் சுரம் வந்தது.

நான் வாசித்த அதே சுரம். ஒரு தட்டு தள்ளி, மெலிசாக, பின்னாலேயே. கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். காற்று அடங்கிய ஆர்மோனியம் தானாகப் பாடாது. மறுபடி ஒரு கட்டையை அழுத்தி விட்டேன். மறுபடியும் வந்தது. எந்தப் பக்கத்திலிருந்து என்று சொல்ல முடியவில்லை. வலதா, இடதா, முன்னாலா, பின்னாலா? ஒரு காது போனால் திசை போய்விடும் என்பது அப்போது எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்ததெல்லாம், அது வெளியே இருந்து வருகிறமாதிரி இல்லை. தலைக்குள் இருந்து வந்தது.

மரத்தடிப் பெண்களைப் பார்த்தேன். அவர்கள் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. ஒருத்தி வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தாள். குழுவில் மற்றவர்கள் எல்லாம் ஊர்த்தலைவரான ஊர்க்கவுண்டர் சின்னையன் வீட்டில் சாமைச் சோறு சாப்பிடப் போயிருந்தார்கள்.

சரி, எனக்கு மட்டும்தான் கேட்கிறது. இல்லாத சத்தம். டாக்டர் சொன்னது வந்துவிட்டது.

டிரம்மைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்தேன். அழுகை வரவில்லை. எனக்குக் கோபம்தான் வந்தது. அந்த டாக்டர் மேல், அப்பா மேல், குழாய் மேல், அருவி மேல். என்ன வேலை பார்ப்பேன்? மளிகைக் கடை வைக்கலாம். அங்கேயும் ஆள் சொல்வது கேட்க வேண்டும். தையல் மிஷின் வாங்கலாம். அதற்கும் ஒரு தாளம் உண்டு, அது கேட்காவிட்டால் நூல் அறுவது தெரியாது. எந்த வேலையை எடுத்தாலும் அதில் ஒரு சத்தம் இருந்தது. சத்தம் இல்லாத வேலை ஒன்றுகூட எனக்குத் தோன்றவில்லை.

"முன்னால வாடா!"

சாப்பிட்டுவிட்டு எல்லோரும் ஒத்திகைக்கு வந்தார்கள். நான் யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை. முகத்தை வழக்கம்போல் வைத்துக்கொண்டேன். என் வழக்கமான முகம் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும்.

கந்தசாமி அண்ணன் ஏப்பம் விட்டார். "டிரம்மு வேண்டாம் பாப்பாத்தி, இப்பத்தான் சாப்பிட்டேன். வெளியில நின்னே ஒரு தடவை பாடிடறேன்" என்று மைக் முன்னால் நின்றார். டோலக் ஆரம்பித்தது. நான் ஆர்மோனியத்தை எடுத்தேன்.

"நானே ராஜா, நாட்டுக்கெல்லாம் ராஜா…"

அடுத்த வரிக்கு வாயைத் திறந்தவர் அப்படியே நின்றார். மூடினார். மறுபடி முதல் வரியைப் பாடினார். மறுபடி நின்றார். டோலக்காரர் தாளத்தை விட்டுவிட்டார். அண்ணன் மெதுவாகத் திரும்பி, பின்னால் பார்த்து, திரைக்குப் பின்னால் போய் எட்டிப் பார்த்து, திரும்பி வந்து இடுப்பில் கை வைத்துக்கொண்டு கத்தினார்.

"எவன்டா அவன்? என் பாட்டை என்கூடவே பாடிட்டிருக்கறது? தைரியமிருந்தா முன்னால வாடா!"

"…னால வாடா" என்றது அது.

அவருக்குக் கேட்டிருக்கிறது.

அதை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. அவருக்கும் கேட்டிருக்கிறது! டோலக்காரருக்கும், மரகதத்துக்கும் கேட்டிருக்கிறது. அது என் தலைக்குள் இல்லை. நான் சிரிக்க ஆரம்பித்தேன். ஆர்மோனியத்தின்மேல் கவிழ்ந்து, கட்டைகள் கண்டபடி அமுங்கிக் கத்த, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தேன். நான் சிரிப்பதைக் குழுவில் பலர் அன்றுதான் முதல்தடவை பார்த்தார்கள்.

"இவ எதுக்குச் சிரிக்கிறா? நான் பாடறது அவ்வளவு கேவலமாவா இருக்குது?" என்று அண்ணன் கோபித்துக்கொண்டார்.

சின்னையன் துண்டால் வாயை மூடிச் சிரித்தபடி வந்தார். "அது எதிர்க்கரடுங்க சாமி, அந்தா தெரியுதே பாறைக் குன்று, அதுதான். ஆளு யாரும் இல்லீங்க. குழாயை நீங்க அதப் பாத்து கட்டிப்போட்டீங்க. அது சும்மா இருக்குமுங்களா?"

"இத்தனை நேரம் யாரும் சொல்லலியே?" என்றேன்.

"அது எப்பவும் அப்படித்தானுங்களே. காட்டுல இருக்கற ஆளைக் கூப்பிடணும்னா நாங்க கரட்டுக்கு முதுகு காட்டி நின்னுதான் கூப்பிடுவோமுங்க. அந்தப் பக்கம் பாத்து கூப்பிட்டா, நீங்களே திரும்பி வருவீங்க."

மரத்தடியில் வெற்றிலை போட்டவளும் சிரித்தாள். அவர்களுக்கு அது கோழி கூவுகிற மாதிரி. யாரும் கவனிக்கிற சத்தமே இல்லை.

தப்பு என்னுடையது. கீழ்நாட்டில் ஹாரனை எப்போதும் அடுத்த ஊரைப் பார்த்துத்தான் கட்டுவோம். அங்கே உள்ளவனுக்கும் கேட்டால்தான் வண்டி கட்டிக்கொண்டு வருவான். மலையிலும் அதே பழக்கத்தில், எதிரே தெரிந்த பக்கம் பார்த்துக் கட்டிவிட்டேன். அங்கே ஊர் இல்லை, பாறைதான். போதாததற்கு, செவிட்டுக் காதுக்காகச் சத்தத்தையும் ஏற்றி வைத்திருந்தேன்.

இடுக்கி

பாதி பயம் போனது. மீதி இருந்தது. காது இன்னும் அடைத்துத்தான் இருந்தது.

மரகதம்தான் கண்டுபிடித்தாள். வலது பக்கமாக வந்து என்னவோ கேட்டிருக்கிறாள். நான் திரும்பவில்லை. சுற்றி இடது பக்கம் வந்தாள்.

"அக்கா, வாய் வலிக்கக் கூப்பிடறேன். திமிரா, இல்ல கேக்கலியா?"

"திமிர்."

"திமிருன்னா திரும்பிப் பாத்து ஒரு முறை முறைப்பியே. காது கேக்கலதான?"

அவளிடம் சொன்னேன். பரமசிவத்திடம் சொன்னால் கொன்றுவிடுவேன் என்றும் சொன்னேன். அவள் அதைக் காதிலேயே போட்டுக்கொள்ளாமல், ஆஸ்பத்திரி இருக்கிற செம்மேட்டுக்குப் போகிற ஒரு ஜீப்பை நிறுத்தி, அன்னாசிப் பழ மூட்டைகளுக்கு நடுவில் என்னை ஏற்றிவிட்டு, தானும் ஏறிக்கொண்டாள்.

ஆஸ்பத்திரியில் ஒரு சிஸ்டர் இருந்தார். என் வயதுதான் இருக்கும். டார்ச்சை அடித்து காதுக்குள் பார்த்தார். இன்னொரு தடவை பார்த்தார்.

"சொல்லுங்க. போச்சா?"

"ஏனுங்கக்கா, காதுக்குள்ள என்ன வச்சிருக்கறீங்க?"

"காதுக்குள்ள என்ன வைப்பாங்க? ஒண்ணும் இல்ல."

"அப்ப இது யார் வச்சதுங்க? அசையாதீங்க."

ஒரு நீளமான இடுக்கி. சில்லென்று உள்ளே போனது. காதுக்குள் யாரோ மரத்தை இழுப்பதுபோல் ஒரு கரகரப்பு. பிறகு "பொளக்" என்று ஒரு சத்தம்.

அந்தச் சத்தம் வலது காதில் கேட்டது.

சிஸ்டர் இடுக்கியை என் கண்முன் பிடித்தார். பழுப்பு நிறத்தில், ஊறிப்போய், மிளகு அளவில் ஒரு உருண்டை. என் பஞ்சு. எந்த ஊர் நாடகத்தில் வைத்ததோ, பாதி பிய்ந்து உள்ளேயே தங்கியிருக்கிறது. அருவித் தண்ணீர் பட்டு ஊதி, கதவடைத்துவிட்டது. காது போய்விடக் கூடாது என்று நான் வைத்த பஞ்சு.

"காதைக் காப்பாத்தறேன்னு காதுக்கே சமாதி கட்டிருக்கறீங்க" என்றார் சிஸ்டர். "உள்ள சவ்வெல்லாம் நல்லாத்தான் இருக்குது. இனி எதை வச்சாலும் வெளிய ஒரு வால் நீட்டிட்டிருக்கற மாதிரி வைங்க."

நான் கேட்டுக்கொண்டிருந்தேன். வெளியே ஒரு குழந்தை அடம்பிடித்து அழுதது. குழாயில் தண்ணீர் சொட்டியது. ஜன்னல் கொக்கி காற்றில் ஆடி ஆடித் தட்டியது. மரகதத்தின் கண்ணாடி வளையல்கள் இரண்டு ஒன்றோடொன்று உரசின. அது வலது பக்கம். மரகதம் வலது பக்கம் நின்றுகொண்டிருந்தாள். திரும்பிப் பார்த்து உறுதி செய்துகொண்டேன்.

"அக்கா, அழுவறியா?"

"தண்ணி. காதுத் தண்ணி" என்றேன்.

"அது கண்ணு வழியா வருதாக்கும்."

கரட்டுக்கு ஒரு வேஷம்

ஜீப்பில் திரும்பி வரும்போது டிரைவர் ஒரு வளைவில் ஹாரன் அடித்தார். பள்ளத்துக்கு அந்தப் பக்கத்திலிருந்து இன்னொரு ஜீப் ஹாரன் அடித்தது. இன்னொரு ஜீப் இல்லை. எனக்குச் சட்டென்று பொறி தட்டியது.

நான் ஏன் அந்தக் கரட்டோடு சண்டை போட வேண்டும்? ராஜாவுக்குக் கிணறு வேண்டும் என்று குடம், பானை, டிரம் என்று அலைந்தேனே. இதோ, இவ்வளவு பெரிய கிணறு!

போனதும் இரண்டு குழாயில் ஒன்றை இறக்கி, ஜனங்கள் உட்காருகிற பக்கம் திருப்பிக் கட்டினேன். இன்னொன்று கரட்டைப் பார்த்தே இருக்கட்டும். ராஜா கிணற்றில் விழுந்தபிறகு மட்டும் அதற்கு உயிர் கொடுப்பேன். பிறகு ஆர்மோனியத்தை எடுத்து, ராஜாவின் பாட்டைப் பிரித்துப் போட்டேன். முன்பு மூச்சு விடாமல் ஓடிய பாட்டு அது. இப்போது வரிக்கு வரி இடம் விட்டேன். மலை பாடி முடிக்கிற அளவுக்கு இடம்.

"பாட்டுக்கு நடுவுல நான் சும்மா நிக்கறதா?" என்று கந்தசாமி அண்ணன் குதித்தார். "ஜனம் நான் வரியை மறந்துட்டேன்னு நினைக்கும்."

"அண்ணே, டிரம்மு வேண்டாம். உங்க தலை வெளியவே இருக்கட்டும். ஆனா வரி முடிஞ்சதும் வாயை மூடிக்கங்க. வாழ்க்கையில ஒரு தடவை மூடிப் பாருங்க."

டிரம் வேண்டாம் என்றதும் ஒத்துக்கொண்டார்.

மலையில் குளிருக்குப் பயந்து பொழுது சாய்ந்ததுமே நாடகத்தை ஆரம்பிக்கச் சொல்லிவிட்டார்கள். ஜனங்கள் கம்பளியைப் போர்த்திக்கொண்டு வந்து உட்கார்ந்தார்கள். ராஜா விழுந்தான். இரண்டாவது குழாயின் பொத்தானைப் போட்டேன்.

"நானே ராஜா!" என்று பாடிவிட்டு அண்ணன் வாயை மூடினார்.

"…ராஜா" என்றது கரடு.

ராஜா நிமிர்ந்து, தன் குடிமக்கள் வாழ்த்துகிறார்கள் என்று மீசையை முறுக்கினார். அதை நான் சொல்லிக்கொடுக்கவில்லை. அண்ணனாகச் செய்தார். ஜனங்கள் சிரித்த சிரிப்பில் குழாயே அதிர்ந்தது. தினமும் கேட்கிற கரடுதான். ஆனால் அது மேடையேறி வேஷம் கட்டி அவர்கள் பார்த்ததில்லை. "நம்ம கரடுடா! நம்ம கரடு பேசுதுடா!" என்று யாரோ கத்தினார்கள்.

கடைசிப் பாட்டில் ராஜாவுக்குத் திமிர் போய்விட்டது. மெட்டைக் கீழே இறக்கியிருந்தேன். "மேலே யாரும் இல்லையா?" என்று பாடிவிட்டு அவர் நின்றார்.

"…இல்லையா" என்றது அது.

யாரும் சிரிக்கவில்லை. கம்பளிகள் அசையவில்லை. நான் ஆர்மோனியத்திலிருந்து கையை எடுத்துவிட்டு, அந்தச் சத்தம் தேய்ந்து போகிறவரை இரண்டு காதாலும் கேட்டேன்.

நாடகம் முடிந்ததும் சின்னையன் வந்து, "எங்க கரட்டையும் கூட்டத்துல சேத்துட்டீங்களேங்க. அதுக்கு என்ன வேஷமுங்க?" என்றார்.

"அதுதானுங்க கிணறு."

"அதுக்குச் சம்பளம்?" என்று சிரித்துக்கொண்டே போனார்.

அவருக்குப் பின்னால் பரமசிவம் நின்றுகொண்டிருந்தார். பாதி நாடகத்தில் வந்து சேர்ந்திருக்கிறார். பஸ்ஸில் வந்த தலைசுற்றல் இன்னும் தெளியவில்லை. ஆனால் முகமெல்லாம் பல்.

"ஏம்மா பாப்பாத்தி, புதுசா எக்கோ மிஷின் வாங்கிட்டயா? என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல? அந்தக் கீபோர்டு ஆளு வச்சிருக்கறதுல இது வராதே! எங்க இருக்குது அது? சேலத்து நாடகத்துக்கு மறக்காம எடுத்துட்டு வந்திரு."

இருட்டில் எதிரே பெரிதாகக் கிடந்த கரட்டைக் காட்டினேன். "அதோ அங்கதான் இருக்குதுங்க. நீங்க தூக்கிட்டு வந்தீங்கன்னா நான் ஒயர் குடுக்கறேன்."

அவர் கரட்டைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். மறுபடியும் கரட்டைப் பார்த்தார்.

"அப்புறம்," என்றேன், "சேலத்து நோட்டீஸ்ல இசைக்கு எதிர்ல என் பேரைப் போடுங்க. அது போடலீன்னா நானும் இந்தக் கரடு மாதிரிதான். எடத்தை விட்டு அசைய மாட்டேன்."

சேலத்து நோட்டீஸில் பெயர் வந்தது. எழுத்துப் பிழையோடு வந்தது. அதற்கும் சண்டை போட்டேன்.

இறக்கம்

மறுநாள் காலை முதல் பஸ்ஸில் இறங்கினோம். வளைவுகள் சுற்றச் சுற்ற, நடுவழியில் வலது காது மறுபடி அடைத்தது. நேற்றைய சந்தோஷமெல்லாம் ஒரே வளைவில் போய்விட்டது. கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.

மரகதம் என்னவோ சொன்னாள். அவள் வாய் அசைவது மட்டும் தெரிந்தது. பிறகு ஒரு புளிப்பு மிட்டாயை என் வாயில் திணித்து, தொண்டையைத் தொட்டு விழுங்கிக் காட்டினாள். விழுங்கினேன்.

டப் என்று திறந்தது.

"எல்லாருக்கும்தான் அடைக்குது, உனக்கு மட்டுமா?" என்று அவள் சொல்லிக்கொண்டிருந்தாள். "மூஞ்சியப் பாரு, செத்த மாதிரி."

டிரைவர் வளைவில் ஹாரனை நீளமாக அடித்தார். கொஞ்ச நேரம் கழித்து மலை அதைத் திருப்பிக் கொடுத்தது. நான் கண்ணை மூடிக்கொண்டு, மரகதத்தின் தோளைத் தட்டி, சத்தம் வந்த பக்கம் கையை நீட்டினேன்.

"என்னக்கா அங்க?"

கண்ணைத் திறந்தேன். என் விரலுக்கு நேராக, பள்ளத்துக்கு அப்பால், வெயில் பட்டுக்கொண்டு பாறை நின்றது.